தலைப்பாக்கட்டும் ஆங்கில எழுத்தும்: தெமோதரையில் ஓர் ஆராய்ச்சி

1. ஆய்வுச் சிக்கல்

சின்னப் பிள்ளைக்கு ஏ பி சி டி சொல்லிக்கொடுக்கக் கிளம்பியவர்கள் எல்லாரும் முதல் வேலையாகப் பிள்ளையை உட்காரவைத்துவிடுகிறார்கள். பிழை அங்கேயே தொடங்கிவிடுகிறது என்பது இக்கட்டுரையின் துணிபு. என்னை? உட்கார்ந்த பிள்ளை கொட்டாவி விடும்; ஓடியாடும் பிள்ளை எதையாவது பொறுக்கிக்கொண்டு வரும் என்க.

ஆய்வுக்களம் தெமோதரை. காரணம் இரண்டு. ஒன்று, ஆய்வாளரின் வீடு அங்கேதான் இருக்கிறது. பஸ் காசு மிச்சம். மற்றது, ஆங்கில எழுத்து ஒன்று அந்த மலையில் தண்டவாளத்தால் கூட்டெழுத்தில் எழுதிக் கிடக்கிறது. அது சின்ன ஈயா, சின்ன எல்லா என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. அறிஞர் என்றது என்னையும் என் மனைவியையும்.

2. களம்

எல்லவிலிருந்து பதுளைக்கு இறங்கும் ரயில் பாதை 44 அடிக்கு 1 அடிக்கு மேல் சரியக்கூடாது என்பது கட்டுப்பாடு. தெமோதரை மலைக்கு அந்தக் கட்டுப்பாடு தெரியாது. ஆகவே ரயில் ஸ்டேஷனை விட்டுக் கிளம்பி, தேயிலைக் குன்றை ஒரு சுற்றுச் சுற்றி, தான் நின்றிருந்த ஸ்டேஷனுக்கே அடியில் சுரங்கத்தில் நுழைந்து வெளியே வருகிறது. பாதை பதுளையை எட்டியது 1924இல்.

வழி தெரியாமல் எஞ்சினியர் திகைத்து நின்றபோது, கங்காணி ஒருவர் தலைப்பாவை அவிழ்த்து மறுபடி சுற்றிக் கட்டினாராம். அதைப் பார்த்துத்தான் யோசனை பிறந்ததாம். அந்த எஞ்சினியர் டி. ஜே. விமலசுரேந்திர என்றும் சொல்வார்கள். கதை மெய்யோ பொய்யோ, கற்பித்தல் முறை மெய். கங்காணி பாடம் நடத்தவில்லை. துணியைச் சுற்றினார், அவ்வளவுதான். ஒரே நாளில் 26 எழுத்தையும் ஏற்றப் பார்க்கும் தாய்மார் மேற்படி சரிவுக் கணக்கையும் கவனிக்கவும்.

3. முன்னோர் மொழிந்தவை

படப் புத்தகம் 'ஓ'வுக்கு ஆரஞ்சுப் பழம் போடுகிறது. ஸ்டோரில் தேயிலை மூட்டைமேல் அடிக்கும் பி.ஓ.பி.யின் நடு எழுத்தும் ஆரஞ்சுதான்: புரோக்கன் ஆரஞ்சு பீக்கோ. அந்தத் தூளை எத்தனை தரம் கொதிக்கவைத்தாலும் பழம் மட்டும் வராது. ஆகவே தோட்டத்தில் ஓ என்பது இருபொருள் எழுத்து.

வரிசையும் ஆராயத்தக்கது. ஏ முதலாவது, ஓ பதினைந்தாவது என்கிறது புத்தகம். இலங்கையிலோ ஓ.எல். தேறினால்தான் ஏ.எல். ஆகவே இந்நாட்டில் ஓ முந்தியது, ஏ பிந்தியது. இடையில் அப்பாவின் சம்பளத் துண்டில் ஈ.பி.எஃப். வரும், தேர்தலோடு சி.டபிள்யூ.சி. வரும். எந்த எழுத்தும் வரிசைப்படி வந்ததாகச் சான்றில்லை.

4. இலக்கணம்

ஓரெழுத்து ஒருமொழிகள் 42 என்று நன்னூல் கணக்குச் சொல்கிறது. ஏ, ஐ, ஓ, ஈ, சீ ஐந்தும் அதில் அடங்கும். ஏ என்றால் அம்பு, ஐ என்றால் தலைவன். ஆகவே ஆங்கில எழுத்தில் ஐந்து பவணந்தி முனிவருக்கே தெரியும். துரைமார் தேயிலைக் கன்றோடு கொண்டுவந்தவை மிச்சம் 21 மட்டுமே என்பது பெறப்படும்.

247 எழுத்தைச் சந்திக்கப்போகிற பிள்ளைக்கு 26 ஒரு பெரிய தொகை அல்ல. தொல்லை வேறு. 'ம' என்ற எழுத்தின் பெயரும் 'ம', ஒலியும் 'ம'. 'எச்' என்ற பெயரில் 'ஹ' இல்லை. 'டபிள்யூ'வில் 'வ' இல்லை. பெயர் ஒன்று, ஒலி ஒன்று, பெரிய உரு ஒன்று, சின்ன உரு ஒன்று என ஓர் எழுத்துக்கு நாலு கணக்கு. இதைச் சொல்லி விளங்கவைக்க முடியாது. கையில் கொடுக்கத்தான் முடியும். டயர் உருட்டுகிறவன் ஓவை உருட்டுகிறான். கொய்யாக் கவையில் கெட்டபோல் செய்தவன் ஒய்யைச் செய்துவிட்டான். சுவரில் சாத்திய ஏணியில் எச் அடுக்கடுக்காக நிற்கிறது.

இரண்டாம் எழுத்தில் வகுப்பு நின்றுவிடும். பிள்ளைமடுவத்தில் ஆயாம்மா அதன் பெயரைச் சொன்னதும் பிள்ளைகள் உருண்டு சிரிப்பதன் காரணத்தை அச்சேற்ற ஆய்வறம் இடம்தராது, தமிழறிந்தோர் அறிவர். பதினாறாம் எழுத்தில் மறுபடி அதே சிரிப்பு. இரண்டையும் பிரித்தறிய 'இருவயிற்றுப் பீ', 'ஒருவயிற்றுப் பீ' என்னும் கலைச்சொற்களை இவ்வாய்வு வகுத்தது. சின்ன எழுத்தில் இரண்டுக்கும் ஒரே வயிறுதான் என்பது பிற்பாடு தெரிந்தது. கலைச்சொல் அரை நாள் நிலைத்தது.

5. பரிசோதனை

கருவிகள்: ஈர்க்குக் குச்சி ஒன்று, சோடா மூடி ஒன்று. பரிசோதனைக்கு உட்பட்டவர்: மேல் லயத்துச் சிறுமி, வயது நாலரை. கூலி: பிஸ்கட்.

வாசலில் குச்சியை நட்டமாக வைத்து, அதன் காலடியில் வலப்பக்கம் மூடியை ஒட்டினேன். "இது பீ." மூடியை இடப்பக்கம் தள்ளினேன். "இது டீ."

"அதே குச்சிதானே மாமா?"

"ஆமா."

"அதே மூடிதானே?"

"ஆமா."

"அப்பறம் எப்படிப் பேரு மாறும்? அம்மா கூடைய இங்கிட்டு வச்சாலும் கூடதான், அங்கிட்டு வச்சாலும் கூடதான்."

இதற்குப் பதில் யோசிக்க ஆய்வாளர் அவளுடைய பிஸ்கட்டில் இரண்டைத் தின்ன வேண்டியதாயிற்று. அவள் சொன்னதுதான் உண்மை. கூடை, கோழி, அம்மாவின் முகம் எல்லாம் எப்பக்கம் திரும்பினாலும் அதுவேதான் என்று கண் பிறந்ததிலிருந்து பழகியிருக்கிறது. திரும்பினால் பேர் மாறும் பொருளைப் பிள்ளை எழுத்தில்தான் முதன்முதல் பார்க்கிறது. ஆறேழு வயது வரை எழுத்தை இடவலம் மாற்றி எழுதுவது அதனால்தான், மக்குத்தனத்தால் அன்று.

மூடியை அவளே தலைமாட்டுக்கு ஏற்றினாள், கியூ வந்தது. அந்தப் பக்கம் தள்ளினாள், ஒருவயிறு வந்தது. "மூடி வீடு மாறுது" என்று விளையாட்டுக்குப் பேரும் வைத்தாள். பிறகு குச்சியை எறிந்துவிட்டுத் தானே குச்சியாக நின்று, சுளகை வலக்காலோரம் பிடித்துக்கொண்டு, "பீ!" என்றாள். எதிரே நின்ற எனக்கு அது டீ. திருத்தினேன். அவள் அசையவில்லை.

"நீங்க என் பின்னுக்கு வந்து பாருங்க மாமா."

போய்ப் பார்த்தேன். பீதான்.

6. மறுப்பும் விடையும்

'இதெல்லாம் விளையாட்டு, படிப்பு எப்போது?' எனின், அரசாங்கப் பள்ளியிலேயே முதல் இரண்டு ஆண்டுகளில் ஆங்கிலம் செயலோடு கூடிய வாய்ப்பேச்சுதான்; முறையான பாடம் மூன்றாம் ஆண்டில்தான் தொடங்குகிறது. ஆகவே நாலரை வயதில் கொப்பியை நீட்டுவது அரசாங்கத்தையே முந்துவதாகும் என்க.

7. முடிவு

மறுநாள் லயத்துச் சுவரில் கரிக்கட்டியால் வரிசையாக எழுதியிருந்தாள். பாதி எழுத்துக்கு வயிறு முதுகுப்பக்கம் இருந்தது. "படிச்சதும் போச்சா?" என்று அவளுடைய அம்மா ஈரத்துணியோடு வந்தார். அந்நேரம் பதுளை ரயில் ஸ்டேஷனை விட்டுப் புறப்பட்டு, வந்த வழியே திரும்புவதுபோல் குன்றுக்குப் பின்னால் மறைந்தது.

"கொஞ்சம் பொறுங்க அக்கா" என்றேன். அது இன்னும் கீழே வரவில்லை.