வலையில் விழுந்தால் பட்டினி

கே: கோல்கீப்பர் யாராவது பாலோன் டோர் விருது வாங்கியதுண்டா? - வாசகர், திருச்சி

ப: ஒரே ஒருவர். சோவியத் யூனியனின் லெவ் யாஷின், 1963. கறுப்பு உடையில் எட்டுக் கை முளைத்தவர்போலப் பாய்வார். அதனால் 'கறுப்புச் சிலந்தி'. நிஜச் சிலந்திக்கு வலையில் ஏதாவது விழுந்தால் விருந்து. இவருக்குப் பட்டினி.

கே: பெனால்டியின்போது ஏன் ஏதாவது ஒரு பக்கம் பாய்ந்தே தீருகிறார்கள்? - வாசகி, மதுரை

ப: இஸ்ரேல் ஆய்வாளர்கள் 286 பெனால்டிகளை அலசி 2007-ல் எழுதினார்கள்: நடுவிலேயே நிற்பதுதான் லாபம். ஆனால் நின்று கோல் விட்டால் 'மரம் மாதிரி நின்றான்' என்பீர்கள். பாய்ந்து விட்டால் 'பாவம், முயற்சி செய்தான்'. ஆபீசில் ஃபைலைக் கையில் வைத்துக்கொண்டே நடமாடுபவரைப் பார்த்ததில்லையா?

கே: பிட் அடித்து ஜெயித்த கோல்கீப்பர்? - வாசகர், சேலம்

ப: ஜெர்மனியின் யென்ஸ் லேமன். 2006 உலகக்கோப்பை கால் இறுதி, எதிரே அர்ஜென்டினா. பெனால்டியில் யார் எந்தப் பக்கம் அடிப்பார் என்று குறித்த தாள் காலுறைக்குள். கடைசியாகக் காம்பியாசோ வந்தார். அவர் பெயர் தாளில் இல்லை! லேமன் அசராமல் தாளை விரித்து நிதானமாகப் படித்தார். காம்பியாசோ அடித்தார், லேமன் தடுத்தார். பிட்டில் இல்லாத கேள்விக்குப் பிட்டைப் பார்த்தே பாஸான மாணவர்!

கே: ஒரே தவறில் வாழ்க்கை முடிந்தவர் உண்டா? - வாசகர், தூத்துக்குடி

ப: சிரிக்காமல் சொல்கிறேன். மரக்கானா மைதானம், 16 ஜூலை 1950. டிரா ஆனாலே பிரேசிலுக்கு உலகக்கோப்பை. ஸ்கோர் 1-1. உருகுவேயின் கிக்ஜா வலது ஓரமாக ஓடி வருகிறார். சற்று முன் இப்படி வந்துதான் பந்தை நடுவே தள்ளி, இன்னொருவரைக் கோல் போட வைத்தார். இப்போதும் அதுதான் என்று கோல்கீப்பர் பார்போசா ஓரடி நகர்கிறார். நகர்ந்த அந்த ஓரடியில், கம்பத்தை ஒட்டிப் பந்து உள்ளே. பிரேசிலில் அதிகபட்ச தண்டனை 30 ஆண்டு, நானோ 50 ஆண்டு அனுபவித்துவிட்டேன் என்று பிற்காலத்தில் நொந்துகொண்டார். 2000-ல் இறந்தார். ஒரே கோலோடு கடையைச் சாத்திய முன்வரிசைக்கு ஜாமீன்கூடத் தேவைப்படவில்லை.

கே: நாற்பது வயதில் என் கணவருக்கு மாடிப்படியே மலை. கோல்கீப்பர்கள்? - வாசகி, கோவை

ப: இத்தாலியின் டீனோ சோஃப் 40 வயதில், கேப்டனாக, 1982 உலகக்கோப்பையைத் தூக்கினார். எகிப்தின் எல் ஹதாரி 2018-ல் 45 வயதில் உலகக்கோப்பையில் இறங்கி பெனால்டியே தடுத்தார். கணவரிடம் இதைச் சொல்லாதீர்கள். குதித்துக் காட்டுவார், கட்டு நீங்கள் போட வேண்டும்.

கே: கோல்கீப்பருக்குப் புத்தகம் படிக்க நேரம் இருக்குமா? - வாசகர், புதுச்சேரி

ப: எழுதவே இருக்கும். அல்ஜியர்ஸில் கோல் காத்த பையன் ஆல்பர் காம்யு. காசநோய் ஆட்டத்தை நிறுத்தியது. 1957-ல் நோபல். தன் அணி எதிர்ப்பக்கம் முட்டிக்கொண்டிருந்தால், பின்னால் தனியாக நிற்பவன் வேறென்ன செய்வான்? யோசிப்பான்.

கே: பந்தைக் கட்டிக்கொண்டு படுத்தே நேரம் கடத்துகிறார்களே? - வாசகர், ஈரோடு

ப: 2025 முதல் எட்டு வினாடி தாண்டினால் எதிரணிக்குக் கார்னர். எங்கள் வீட்டுக் குளியலறைக்கும் ஒரு ரெஃப்ரி வேண்டும்.

கே: நீங்கள் ஆடியதுண்டா? - வாசகி, நாகர்கோவில்

ப: உண்டு, கோல்கீப்பராக. ஓடத் தெரியாதவனுக்கு வேறு இடம் ஏது? இரண்டு செங்கல்தான் கம்பம். குறுக்குக் கம்பி எந்த உயரத்தில் என்பது ஒவ்வொரு கோலுக்குப் பிறகும் சண்டை போட்டு முடிவாகும். விதிப்படி 2.44 மீட்டர். எங்கள் தெருவில், பந்து யாருடையதோ அவன் கை எட்டும் உயரம்.