சிவப்பு மூக்கு மான் எந்த ஊர்?

கேள்வி: ஜப்பான் என்றாலே கையால் வரைந்த அனிமே படங்கள்தானே? பொம்மைகளை நகர்த்திப் படமெடுத்தவர்களும் அங்கே உண்டா?

பதில்: உண்டு. அவர்கள் பெற்ற ஒரு பிள்ளையை அமெரிக்கா தன் பிள்ளையாகவே கொஞ்சி வருகிறது! 1964-ல் என்.பி.சி. தொலைக்காட்சியில் வந்த கிறிஸ்துமஸ் படமான 'ருடால்ஃப்'பில், அந்தச் சிவப்பு மூக்கு மான் துள்ளியதெல்லாம் டோக்கியோவில். துள்ளவைத்தது தாதாஹிதோ மொச்சிநாகாவின் குழு. பொம்மையின் காலை மயிரிழை நகர்த்த வேண்டும், ஒரு பிரேம் எடுக்க வேண்டும், மறுபடி நகர்த்த வேண்டும். திரையில் ஒரு நொடி ஓட 24 பிரேம். மான் நாலு அடி வைப்பதற்குள் மனிதருக்குப் பொழுது சாய்ந்துவிடும். அந்தப் பொறுமைக்கே தனியாக ஒரு விருது தரலாம்.

மொச்சிநாகா முதல் பொம்மைப் படத்தை எடுத்தது சீனாவில், 1947-ல். 1953-ல்தான் ஜப்பான் திரும்பினார். 1956-ல் அவர் படமாக்கிய 'சின்னக் கறுப்பு சாம்போ' கதையை எழுதிய ஹெலன் பானர்மேன், நம் சென்னையில் பல ஆண்டுகள் வாழ்ந்தவர்.

மொச்சிநாகாவிடம் தொழில் கற்ற கிஹாச்சிரோ கவாமோட்டோ, 1963-ல் பிராக் நகருக்கே போய் செக் மேதை இர்ஷி த்ருன்காவிடம் பயின்றார். உங்கள் நாட்டு மரபைப் பாருங்கள் என்றார் குரு. நோ நாடகமும் புன்ராகு பொம்மலாட்டமும் கலந்து 'தோஜோஜி' (1976) பிறந்தது. அதில் பேச்சே கிடையாது. பொம்மை தலையைச் சாய்த்தாலே நமக்கு நெஞ்சடைக்கிறது. தேடிப்பிடித்துப் பாருங்கள்.