காமதேனுவுக்குக் கிடைக்காத தானியம்

அரசு தன் நடைமுறையால் ஒருவர் மனத்தில் விதைக்கும் நம்பிக்கையைச் சட்டம் ‘நியாயமான எதிர்பார்ப்பு’ என்கிறது. இந்திய உணவுக் கழகம் கெட்டுப்போன தானியத்துக்குக் கோரிய ஒப்பந்தப்புள்ளியில் மிக உயர்ந்த விலை சொன்ன காமதேனு என்ற தீவன நிறுவனம், கழகம் எல்லோரையும் மறுபடி பேரத்துக்கு அழைத்ததை எதிர்த்து வழக்காடியபோது, எதிர்பார்ப்பைக் கருத்தில் கொண்டால் போதும், நிறைவேற்றக் கடமையில்லை என்று உச்ச நீதிமன்றம் 1992இல் கைவிரித்தது. கேட்டதெல்லாம் தரும் பசுவின் பெயருக்கே இந்தக் கதியென்றால், இ.எம்.டி. எனப்படும் முன்வைப்புத் தொகையைக் கட்டிவிட்டுக் கோவை டவுன்ஹால் மாநகராட்சி அலுவலகத்தில் காத்திருக்கும் ஒப்பந்ததாரர் எம்மாத்திரம்? 1998ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளிகளில் ஒளிவுமறைவின்மைச் சட்டம் மேல்முறையீட்டுக்கு 10 நாள் தருகிறது. அதைக் கேட்பதும் அரசே. இழப்பீடு வேண்டுவோர் உரிமையியல் நீதிமன்றத்தை நாடலாம் என்று ஜகதீஷ் மண்டல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டுகிறது. அங்கே முறை வருவதற்குள் வேலையை வேறொருவர் முடித்துப் பில்லும் வாங்கியிருப்பார்.