நாயகனுக்கு எதிரே நின்றவர்

எண்பதுகளில் எங்கள் தெருவில் கமலும் ரஜினியும் எந்தெந்த மாதம் பிறந்தார்கள் என்பது சின்னப் பிள்ளைகளுக்குக்கூடத் தெரியும். அவர்களுக்கு எதிரே நின்று வசனம் பேசுகிறவரின் பெயர் பெரியவர்களுக்கே தெரியாது. 'சிந்து பைரவி' பார்த்துவிட்டுத் திரும்பிய இரவில், "அந்த மிருதங்கக்காரரா வந்தவர் என்னமா நடிச்சார்!" என்றார் அம்மா. அவர் டெல்லி கணேஷ் என்று எடுத்துச் சொல்ல வீட்டில் ஆளில்லை.

பெயரில்தான் டெல்லி. சொந்த ஊர் தாமிரபரணிப் பக்கம், வல்லநாடு. விமானப்படையில் பத்தாண்டு வேலை, டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் மேடை, பிறகு 1977இல் இயக்குநர் பாலசந்தரின் 'பட்டினப்பிரவேசம்'. பாலசந்தர் வைத்த பெயரே கடைசிவரை நிலைத்தது.

அவருடைய பேச்சைத் தனியாகக் கேட்க வேண்டும். 'பசி'யில் (1979) இந்த நெல்லைக்காரர் சென்னை ரிக்‌ஷாக்காரர். 'மைக்கேல் மதன காமராஜ'னில் (1990) பாலக்காட்டுச் சமையற்காரர் மணி ஐயர். கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்துவிட்ட அந்தக் காட்சியில் கமலை விட்டுவிட்டு இவரை மட்டும் ஒருமுறை பாருங்கள்: சிரிக்க வைக்க வேண்டும் என்ற எண்ணமே அவர் முகத்தில் இருக்காது. மானம் போய்விடுமே என்ற பதைப்பு மட்டும்தான் இருக்கும். நாம் சிரிப்பது அதனால்தான். அதற்கு முந்தைய ஆண்டுதான் 'அபூர்வ சகோதரர்க'ளில் வில்லன் கூட்டத்தில் ஒருவராக வந்திருந்தார். அந்தக் கொடியவரையும் இந்த அப்பாவி ஐயரையும் ஒரே ஆள் என்று நம்ப எனக்கு வெகுநேரம் பிடித்தது.

நானூறு படங்களுக்கு மேல், அவற்றோடு சீரியல்கள், குறும்படங்கள். 2015இல் பேட்மேன் சென்னைக்காரனாக இருந்தால் எப்படியிருக்கும் என்று இளைஞர்கள் எடுத்த இணையப் படத்தில் பேட்மேனின் வீட்டுப் பணியாளர் ஆல்ஃபிரட்டாகவும் நின்றார். எழுபது வயதில் இந்தப் பிள்ளைகளை நம்பிப் போய் நின்றாரே, அது எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது.

இன்று காலம் தலைகீழாகிவிட்டது. அன்று திரையின் ஓரத்தில் நின்றவரைக் கைபேசிக்காக வெட்டிய துண்டுக் காட்சிகள் நடுவில் நிறுத்துகின்றன. சில துண்டுகளில் நாயகனின் தோள் மட்டும்தான் தெரிகிறது. பேரப்பிள்ளைகள் அவரைப் பெயர் சொல்லியே தேடுகிறார்கள். ஆனால் புதுப் படங்களில் அவர் செய்ததுபோன்ற வேடங்கள் அருகிவிட்டன. நாயகனுக்குத் துப்பாக்கி இருக்கிறது. அப்பா, மாமா, பக்கத்து வீட்டு ஐயர் இல்லை. வீடில்லாத கதையில் இப்படியொரு நடிகருக்கு என்ன வேலை இருக்கும்?

2024 நவம்பர் 9 அன்று, எண்பதாவது வயதில் காலமானார்.

எண்பதுகளில் திரையில் பெயர்கள் ஓடி முடியும்வரை தியேட்டரில் உட்கார்ந்துதான் ஆக வேண்டும். இருந்தும் நாங்கள் படிக்கவில்லை. இன்று அவற்றைத் தாண்டிப் போகப் பொத்தானே வைத்திருக்கிறார்கள். அடுத்த படத்தில் அதை அழுத்தாதீர்கள். நாயகனின் பெயருக்கு அடுத்து வரும் பெயர்களைப் படியுங்கள். அவர்கள் இருக்கும்போதே படியுங்கள்.