சமன்பாட்டுக்குள் அம்பத்தூர்

கேள்வி: மும்பையில் ரிசர்வ் வங்கி வட்டியை ஏற்றினால் அம்பத்தூர் பட்டறையில் ஓவர்டைம் எவ்வளவு குறையும் என்று கணக்குப் போட முடியுமா? (வாசகர், திருமுல்லைவாயில்)

பதில்: பொருளாதார அளவியல் மாதிரிகளின் வேலையே அதுதான். வட்டி ஏறினால் லாரி விற்பனை எவ்வளவு இறங்கும், விற்பனை இறங்கினால் பட்டறைக்கு வரும் உதிரிபாக ஆர்டர் எவ்வளவு சரியும் என ஒவ்வொரு கண்ணிக்கும் ஒரு சமன்பாடு உண்டு. அந்த ‘எவ்வளவு’ என்பதைச் சொல்லும் எண்ணான குணகம் பழைய புள்ளிவிவரத்திலிருந்து மதிப்பிடப்படுகிறது. 1936இல் நெதர்லாந்துக்குப் பொருளியலாளர் யான் டின்பெர்கன் 24 சமன்பாடுகளில் இப்படியொரு மாதிரி கட்டினார். இந்தியாவுக்கான முன்னோடி மாதிரிகளில் ஒன்று, என்.வி.ஏ. நரசிம்மம் 1956இல் வெளியிட்டது.

ஊரை நெருங்க நெருங்கத்தான் சிக்கல். நாட்டின் ஜிடிபி காலாண்டுக்கொரு முறை வருகிறது. மாவட்ட வருமானத்தில் பல இனங்கள் மாநில எண்ணைப் பங்கிட்டுப் பெற்றவை. திருமுல்லைவாயிலுக்கோ அப்படியோர் எண்ணே கிடையாது! ஆகவே மின்நுகர்வு, வாகன உற்பத்தி போன்ற தடயங்களை வைத்தே ஆய்வாளர் துப்புத் துலக்க வேண்டும்.

இதைவிட ஆழமான குறையை 1976இல் பொருளியலாளர் ராபர்ட் லூகாஸ் சுட்டினார்: கொள்கை மாறினால் மக்களின் எதிர்பார்ப்பும் மாறும், பழைய குணகம் அப்படியே நிற்காது. 2020 கொரோனா ஊரடங்குக்கோ கடந்தகாலப் புள்ளிவிவரத்தில் முன்னுதாரணமே இல்லை.