விரலுக்கு விலை, வாய்க்குப் பூட்டு

இங்கிலாந்தில் ஒரு கசாப்புக் கடைப் பையன், பெயர் பிரீஸ்ட்லி. அளவுக்கு மீறி ஏற்றிய பாரம் தாங்காமல் முதலாளியின் வண்டி சாய, பையனின் தொடை எலும்பு முறிந்தது. கேஸ் போட்டான். ஜூரி இரக்கப்பட்டு 100 பவுண்டு கொடுத்தது. 1837இல் மேல் கோர்ட்டில் உட்கார்ந்திருந்த அபிஞ்சர் பிரபுவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. இதற்குக் கொடுத்தால், வேலைக்காரி ஈர மெத்தை விரித்துப் போட்டு இன்னொரு வேலைக்காரனுக்குச் சளி பிடித்தாலும் எசமான் அல்லவா தண்டம் அழ வேண்டும்! நூறு பவுண்டும் போச்சு.

இந்த ஞானத்தில் ஊறியவர்கள்தான் மலாயாவில் நம் தாத்தாக்களுக்கும் துரைகளாக வந்தார்கள். பிரிக்பீல்ட்ஸில் ரயில்வே, கிள்ளானில் ரப்பர் தோட்டம். துரை எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்க வேண்டும் என்பது அன்றைய சாலை விதி. 1941இல் கிள்ளான் தோட்டத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது, கூலி உயர்வோடு ‘இனி இறங்க மாட்டோம்’ என்பதும் கோரிக்கை. பட்டாளம் சுட்டது, ஐந்து பேர் செத்தார்கள். சைக்கிளில் உட்காரவே இந்தப் பாடு. துரையைக் கூண்டில் ஏற்ற எத்தனை உயிர் கேட்டிருப்பார்களோ!

ஜெர்மனியின் பிஸ்மார்க் இவர்களைவிடக் கெட்டிக்காரர். 1884இலேயே முதலாளிகள் காசில் விபத்துக் காப்புறுதி கொண்டுவந்துவிட்டார். தொழிலாளி மேல் பாசம் அல்ல, சோஷலிஸ்டுகள் மேல் பயம். காசு கொடுத்தால் சத்தம் குறையும் என்று கண்டுபிடித்த மகான் அவர்.

இங்கே நமக்கு 1952இல் ஒரு தொழிலாளர் நட்ட ஈட்டுச் சட்டம் வந்தது. பிறகு 1969இல் சட்டமாகி 1971இல் நடைமுறைக்கு வந்தது மலேசியாவின் சமூகப் பாதுகாப்புத் திட்டமான சொக்சோ. யார் தப்பு என்று கேட்காது. காயம் வேலையால் வந்ததா, அது போதும். தற்காலிகமாக முடங்கினால் தினக்கூலி சராசரியில் 80 விழுக்காடு. விரல் போனால் மருத்துவ வாரியம் அளந்து விழுக்காடு போடும். வேலை விபத்துக்கான 1.25 விழுக்காடு சந்தா முழுவதும் முதலாளி தலையில். அடடா, என்ன தாராளம்!

பொறுங்கள், அந்தச் சட்டத்தில் 31ஆம் பிரிவு இருக்கிறது. சொக்சோ உள்ளவர் வேலைக் காயத்துக்காக முதலாளி மேலும் கேஸ் போட முடியாது. கூட வேலை பார்க்கும் மண்டோர் மேலும் முடியாது. இந்தியாவின் தொழிலாளர் காப்புறுதியான ஈ.எஸ்.ஐ. சட்டத்தில் 53ஆம் பிரிவும் இதே பாட்டுத்தான். ‘யார் தப்பு என்று நாங்கள் கேட்க மாட்டோம், நீயும் கேட்காதே’. இதுதான் பேரம். அபிஞ்சர் பிரபு ஒன்றும் கொடுக்காமல் தொழிலாளியின் வாயை மூடினார். நாம் கொஞ்சம் கொடுத்து மூடுகிறோம். முன்னேற்றம்தான்.

சட்டத்துக்குச் சாப்பாட்டின் மேல் பாசமும் உண்டு. இடைவேளையில் வாழையிலைச் சாப்பாட்டுக்குப் போகும் வழியில் விழுந்தால் அது வேலை விபத்து. போகிற வழியை விட்டு விலகி நாலு நம்பர் லாட்டரி எடுக்கப் போய் விழுந்தால், அது உங்கள் தலையெழுத்து.

1993 முதல் 2018 வரை வெளிநாட்டுத் தொழிலாளர்களைச் சொக்சோவிலிருந்து ஒதுக்கி, பழைய 1952 சட்டத்தில் விட்டிருந்தார்கள். தமிழ்நாட்டிலிருந்து உணவகத்துக்கும் முடிதிருத்தும் கடைக்கும் வந்தவர்களும் அதில் அடக்கம். அப்போது அவர்களுக்கு 31ஆம் பிரிவின் பூட்டு இல்லை. தாராளமாகக் கேஸ் போட்டிருக்கலாம், பெர்மிட்டும் பாஸ்போர்ட்டும் முதலாளியின் மேசை டிராயரில் இல்லாமல் இருந்திருந்தால்! 2019 ஜனவரி 1 முதல் அவர்களும் உள்ளே. இப்போது எல்லாருக்கும் ஒரே காசு, ஒரே பூட்டு.

கேள்வி கேட்கும் உரிமையை விற்றாகிவிட்டது. விலையையாவது முழுசாக வாங்குங்கள். விபத்து நடந்து 48 மணி நேரத்துக்குள் முதலாளி சொக்சோவுக்குத் தெரிவிக்க வேண்டும். ‘வீட்டில் விழுந்தேன்னு சொல்லிடுப்பா, பார்த்துக்கலாம்’ என்று யாராவது தோளில் கை போட்டால், கையை எடுக்கச் சொல்லுங்கள்.