பி.டி.எஃப். ரசிகர்

நூல் ஒன்று வெளிவந்திருக்கிறது என்ற செய்தி காதில் விழுந்த மாத்திரத்தில், எழுதியவர் யார், விஷயம் என்ன என்ற விசாரணைகளில் காலத்தை விரயம் செய்யாமல், "பி.டி.எஃப். இருக்கா சார்?" என்று கேட்டுவிடுவார்; வெளியீட்டு விழா மேடையிலிருந்து பொன்னாடையும் தாமுமாக இறங்கிவரும் ஆசிரியரிடமே அதைக் கேட்கும் தைரியமும், கேட்கையில் கைகூப்பும் விநயமும் அவருக்கு உண்டு. தரித்திரர் என்று இரங்க வேண்டாம். சொந்த வீடு, கார், அமெரிக்காவில் பிள்ளை, சகல சம்பத்தும் உள்ளவர்.

நேர்வழி தெரியாததுதான் குறை போலும் என்றெண்ணி, ஒருநாள் உபதேசம் செய்யத் துணிந்தேன். கல்கியின் எழுத்துகள் நாட்டுடைமையாகிவிட்டன என்றும், 1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டத்தின் இணையதளத்தில் 'பொன்னியின் செல்வன்' ஐந்து பாகங்களும் சல்லிக்காசு செலவின்றிக் கிடைக்கின்றன என்றும், தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் பழைய நூல்கள் குவிந்துகிடக்கின்றன என்றும் விஸ்தாரமாகச் சொன்னேன். முகம் வாடிவிட்டது. "யார் வேணா எடுத்துக்கலாமா?" என்றார், சுவாரசியம் செத்த குரலில்.

அவர் பொக்கிஷமாகப் போற்றும் பிரதியோ, டெலிகிராம் குழு ஒன்றில் நள்ளிரவில் கைப்பற்றியது. அதில் இரண்டாம் பாகம் இல்லை. மூன்றாம் பாகம் இருமுறை இருக்கிறது. வந்தியத்தேவன் அபாயத்தில் சிக்கும் இடங்களிலெல்லாம், புத்தகத்தைப் பிடித்துப் படமெடுத்த புண்ணியவானின் கட்டைவிரல் குறுக்கே நிற்கிறது. அதை இறக்குவதற்காகக் கண்ட கண்ட இடத்தில் அழுத்தியதன் பலனாக, கைப்பேசியில் சூதாட்ட விளம்பரங்களும், பேத்தியின் எதிரில் திறக்கத் தகாத படங்களும் அகாலத்தில் பிரசன்னமாகின்றன. சகித்துக்கொள்கிறார். படிக்கும் வழக்கம் இல்லையாதலால் கட்டைவிரலும் அவருக்கு இடைஞ்சலாக இல்லை.

இதுவரையில் சிரித்துவிடலாம். ஆனால், உயிரோடிருக்கும் எழுத்தாளனின் சென்ற மாதத்து நாவலையும் அதே கையால் வாட்ஸாப் குழுக்களுக்கெல்லாம் அனுப்பிவிட்டு, அதற்கு 'இலக்கியக் கைங்கரியம்' என்று பெயரும் சூட்டுகிறாரே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை. விற்கும் பிரதியில் நூற்றுக்குப் பத்து என்பது எழுத்தாளனுக்கு வழக்கமாகப் பேசப்படும் பங்கு. அதுவும் கைக்கு வந்தபாடில்லை என்று அவன் அலைந்துகொண்டிருக்கையில், அந்தப் பத்துக்கும் உலைவைப்பது என்ன தர்மம்? கிண்டிலில் வாங்கினால் அச்சுப் பிரதியைவிட மலிவாகவே பெரும்பாலும் கிடைக்கும் என்றேன், "காசு கேக்கறானே!" என்றார்.

கடைசியாக நூலகத்தைப் பிடித்தேன். 1948-ஆம் ஆண்டுப் பொது நூலகச் சட்டத்தின் பயனாக, வீட்டு வரியோடு நூலக வரியும் தாங்கள் தவறாமல் கட்டிவருகிறீர்கள். கிளை நூலகமோ இரண்டு தெரு தள்ளி இருக்கிறது. முன்பணம் கொடுத்துவிட்ட சரக்கைப் போய் எடுத்துக்கொள்வதற்கு என்ன தயக்கம் என்று கேட்டேன்.

"அங்க திருப்பிக் கொடுக்கணுமே, சார்!"